கலிபோர்னியா பாஸ் மீனின் தாயகமா?

ஏரிக்கரையான்:
லார்ஜ்மவுத் பாஸ் "தாயகத்திலிருந்து நேரே ஜப்பானுக்கு வந்த மீன் என்பதால்தான் பிவா ஏரியில் உலக சாதனை அளவுக்கு வளர்ந்தது" என்று தூண்டில் துரை நேற்று இங்கே எழுதியதைப் படித்த பிறகு வாளாவிருக்க முடியவில்லை. 1925இல் தொழிலதிபர் அகாபோஷி தெட்சுமா ஹகோனே மலைப்பகுதியிலுள்ள ஆஷி ஏரியில் விட்ட மீன்கள் கலிபோர்னியாவிலிருந்து கப்பலேறியவை. இம்மீனின் பிறப்பிடமோ வட அமெரிக்காவின் பேரேரிகள், செயின்ட் லாரன்ஸ் ஆறு, மிசிசிப்பி வடிநிலம், அங்கிருந்து வடக்கு மெக்சிகோ வரை மெக்சிகோ வளைகுடாவில் கலக்கும் ஆறுகள். ராக்கி மலைக்கு மேற்கே, கலிபோர்னியாவிலும், அது மனிதர் கொண்டுபோய் விட்ட மீன். தாயகத்திலிருந்து நேரே வந்தது என்பது பிழை.

தூண்டில் துரை:
கலிபோர்னியா அமெரிக்காவில் இல்லாமல் அண்டார்டிகாவிலா இருக்கிறது? அமெரிக்க மீன் அமெரிக்காவிலிருந்து வந்தது, அவ்வளவுதான். 2009 ஜூலை 2 அன்று குரிதா மனாபு பிவாவில் 10.12 கிலோ மீனைத் தூக்கியபோது, அதன் பாட்டன் எந்த மாநிலத்தில் பிறந்தான் என்று தராசு கேட்கவில்லை.

கயல்விழி:
இருவரும் ஒரு நிமிடம் பொறுங்கள். ஒரு மீனின் இயற்கை எல்லையை ஆற்று வடிநிலம் தீர்மானிக்கிறதே தவிர நாட்டின் எல்லைக்கோடு அன்று. அதை ஒப்புக்கொண்டுவிட்டால் இந்த வழக்கே இல்லை. பேச வேண்டியது, 1974இல் பிவாவில் முதன்முதலாகத் தென்பட்ட பிறகு அது செய்த வேலையைப் பற்றி. ஆண் மீன் வாலால் அடித்தரையைத் துடைத்துக் கூடமைத்து, முட்டைகளையும் குஞ்சுகளையும் பக்கத்திலேயே நின்று காக்கிறது. நாணற்புதரில் முட்டையிட்டுவிட்டுப் போய்விடும் நிகொரோபுனா கெண்டையின் குஞ்சுகளுக்கு அந்தக் காவல் இல்லை; அவை பாஸுக்கு இரையாகின்றன. அந்தக் கெண்டையை உப்பிலிட்டுச் சோற்றோடு மாதக்கணக்கில் புளிக்கவைத்துச் செய்யும் புனாசுஷி இன்று விலையுயர்ந்த பண்டமாகிவிட்டது.

தூண்டில் துரை:
நாணலை வெட்டிக் கரைக்குச் சிமெண்ட் பூசியவர்களை விட்டுவிட்டு, பழியை மீன் தலையில் போடுவது வசதியான வழக்கம், சகோதரி.

ஏரிக்கரையான்:
கயல்விழி அவர்களின் வருத்தம் நியாயமானது. ஆனால் துரை கலிபோர்னியாவைத் தாண்டாமல் நாணலுக்குள் ஒளிந்துகொண்டதைக் கவனியுங்கள். திலாப்பியா பற்றிய சென்ற விவாதத்திலும், அது ஆப்பிரிக்க மீன் என்று நான் சொன்னதும் கொசு ஒழிப்புக்குத் தாவியவர் இவர்தான். மறுபடியும் சொல்கிறேன்: கலிபோர்னியா தாயகம் அன்று.

நீர்நாய்:
ஐயா அதை மூன்றாம் முறையாகவும் சொல்லிவிட்டால் கலிபோர்னியா அரசே அம்மீனை வெளியேற்றிவிடும். அது கிடக்கட்டும், குரிதாவின் மீன் "உலக சாதனை" ஆனது எப்போது? 1932இல் ஜார்ஜியாவில் ஜார்ஜ் பெர்ரி பிடித்தது 22 பவுண்டு 4 அவுன்ஸ். குரிதாவின் மீன் அதைவிட ஏறக்குறைய ஒரு அவுன்ஸ்தான் கூடுதல். பழைய சாதனையை முறியடிக்க இரண்டு அவுன்ஸாவது வேண்டும் என்பது விதி. ஆகவே அது சமன்.

தூண்டில் துரை:
பெர்ரி மீனை வீட்டுக்குக் கொண்டுபோய்ச் சமைத்துச் சாப்பிட்டுவிட்டார். குரிதாவோ உண்மை அறியும் கருவியின் முன் உட்கார்ந்து தேறி வந்தவர். எதை நம்புவது என்பதை மீன் பிடித்துப் பழகியவர்கள் முடிவு செய்யட்டும்.

ஏரிக்கரையான்:
சாதனையையே எடுத்துக்கொள்வோம், அதுவும் எனக்குத்தான் சாதகம். பெரும் எடைக்குப் பெயர்போனது புளோரிடா பாஸ். அதை இப்போது தனி இனமாகவே அறிஞர்கள் பிரிக்கிறார்கள். அதன் மரபுக்கூறு பிவா மீன்களில் கலந்திருப்பது ஆய்வுகளில் தெரிந்திருக்கிறது. ஆகவே எடைக்குக் காரணம் தேட வேண்டிய இடம் அகாபோஷியின் கப்பல் அன்று.

தூண்டில் துரை:
நன்றி ஐயா, மிக்க நன்றி! புளோரிடா அந்த மீனின் தாயகமா, இல்லையா? தாயகத்து மீன் பிவாவில் இருக்கிறது என்று தாங்களே எழுதிக் கொடுத்துவிட்டீர்கள்.

ஏரிக்கரையான்:
நான் பேசுவது 1925 பற்றி. புளோரிடா மீன் பல பதிற்றாண்டுகள் கழித்து வந்தது. இரண்டையும் ஒரே கூடையில் போட்டுக் குலுக்கினால் உண்மை ஆகிவிடாது.

கயல்விழி:
2003 முதல் ஷிகா மாநிலத்தில், பிடித்த பாஸை மறுபடி பிவாவில் விடக்கூடாது. போடுவதற்கென்றே கரையோரம் பெட்டிகள் வைத்திருக்கிறார்கள். 2005 முதல் நாடு முழுவதும் அதை உயிரோடு எடுத்துச் செல்வதே குற்றம். துரை அவர்களே, பிவாவுக்கு அது நீந்தி வந்ததா, யாரேனும் வாளியில் கொண்டு வந்தார்களா?

தூண்டில் துரை:
வாளியைப் பார்த்தவர் யார்? ஆஷி, கவாகுச்சி, யமனாகா, சாய் ஆகிய நான்கு ஏரிகளில் அதே மீனுக்குச் சட்டப்படி மீன்பிடி உரிமை கொடுத்துக் கட்டணமும் வசூலிக்கிறார்கள். அங்கே விருந்தாளி, இங்கே குற்றவாளியா?

நீர்நாய்:
ஆஷி ஏரி மலைக்குள் அடைபட்டிருப்பதால் மீன் வெளியே போகாது என்று நம்பித்தான் அகாபோஷி அனுமதி வாங்கினார். கால் முளைத்து இறங்கியிருக்கும் போலும்.

ஏரிக்கரையான்:
கால் முளைத்ததோ வாளி கிடைத்ததோ, அது பிறகு வரும் கேள்வி. 1925இல் கப்பலேறிய மீன் தன் தாயக நீரில் பிடிபட்டதா என்ற என் கேள்விக்குத் துரை இன்னும் ஆம், இல்லை என்று ஒரு சொல்லில் விடையளிக்கவில்லை.

தூண்டில் துரை:
அமெரிக்காவில் பிடிபட்டது. வேண்டுமானால் இன்னொரு முறையும் எழுதுகிறேன்.