அம்மாவின் தையல் மெசினும் சிம்ரனும்

சிம்ரனை நான் நேரில் கண்டதில்லை. ஆனாலும் அவரோடு பழக்கம் என்று சொன்னால் எங்கள் வீட்டில் ஒருவரும் சிரிக்கமாட்டார்கள்.

அம்மா யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் வீட்டோடு தையல் வேலை செய்தவர். 1999இல் எங்கள் விறாந்தைக்கு வந்த பெட்டைகளில் பாதிப் பேர் கையில் ஒரு சஞ்சிகைத் தாளோடுதான் வருவார்கள். "அன்ரி, இதில இருக்கிற மாதிரிக் கழுத்து வெட்டித் தாங்கோ." தாளில் இருப்பது அனேகமாகச் சிம்ரன்.

அந்த வருடம்தான் 'துள்ளாத மனமும் துள்ளும்', 'வாலி' இரண்டும் வந்தன. யாழ்ப்பாணத்துக்கு வரும் தரைவழியான ஏ9 பாதை சண்டையால் பூட்டு. படக் கொப்பியும் கொழும்பிலிருந்து யாராவது கப்பலில் கொண்டுவந்தால்தான் உண்டு. பக்கத்து வீட்டு வீடியோ டெக்கை வாங்கிவைத்து அம்மா படம் பார்த்த விதமே வேறு. கதை அவருக்குத் தேவையில்லை. "நிப்பாட்டு" என்பார். நிப்பாட்டினால் திரையில் குறுக்காக இரண்டு வெள்ளைக் கோடு விழும், சரியாகக் கழுத்து இருக்கிற இடத்தில். கொஞ்சம் முன்னுக்கு விடு, பின்னுக்கு எடு என்று அரை மணித்தியாலம் போகும். அதற்குள் கரண்ட் நின்றுவிடும். மிச்சத்தைப் பழைய பேப்பரில் ஊகித்து வெட்டுவார்.

"இவவுக்குச் சாக்கைத் தைச்சுப் போட்டாலும் வடிவாத்தான் இருக்கும். அதை இந்தப் பிள்ளையளுக்கு ஆர் சொல்லுறது?"

அம்மா சொன்னது எவ்வளவு சரி என்று பிறகுதான் விளங்கியது. மும்பையில் மொடலிங் செய்து, தூரதர்ஷனில் 'சூப்பர்ஹிட் முகாப்லா' தொகுத்து வழங்கி, 1995இல் இந்திப் படத்துக்கு வந்தவர் அவர். தமிழில் 1997 ஜூலை 4ஆம் திகதி, ஒரே நாளில் 'வி.ஐ.பி', 'ஒன்ஸ்மோர்' என்று இரண்டு படம். உடுப்பை எடுப்பாகக் காட்டுவது நடிப்புக்கு முன்னமே கைவந்த தொழில். பல படங்களில் குரல் டப்பிங் கலைஞர் சவிதாவுடையது. ஆனால் அந்த நிற்பும் திரும்பிப் பார்ப்பும் இரவல் இல்லையே.

2002இல் 'கன்னத்தில் முத்தமிட்டால்'. அதில் அவர் தொலைக்காட்சியில் செய்தி வாசிப்பவர், மூன்று பிள்ளைகளின் தாய். இராமேஸ்வரம் அகதி முகாமில் பிறந்த எங்கட பிள்ளை ஒன்றை எடுத்து வளர்க்கிறவர். உச்சத்தில் இருக்கிற கதாநாயகி அப்படி ஒரு வேடம் எடுப்பது அப்போது சின்ன விசயமில்லை. அந்தப் படத்தை அம்மா ஒரு தடவைகூட நிப்பாட்டச் சொல்லவில்லை. மாமியின் மகள் மண்டபம் முகாமில் இருந்த காலம். கடைசி மழைக் காட்சியில் மாமி வாய்விட்டு அழுதார். அம்மா எழுந்துபோய் மெசினில் நூல் கோத்துக்கொண்டிருந்தார், தைக்க ஒன்றும் இல்லாமல்.

அப்புறம் சிம்ரனுக்குக் கலியாணம், கொஞ்சம் இடைவெளி, ஜெயா ரீவியில் 'சிம்ரன் திரை'. அம்மாவுக்கு அது பிடிக்கவில்லை. 'வாரணம் ஆயிரம்' பிடித்தது, அதுவும் சேலைகளுக்காக என்றுதான் என் சந்தேகம்.

போன வருடம், 2025இல், 'டூரிஸ்ட் ஃபேமிலி' வந்தது. பொருளாதார நெருக்கடி தாங்காமல் இங்கிருந்து வள்ளத்தில் களவாக இராமேஸ்வரம் போய், சென்னையில் அடையாளத்தை மறைத்து வாழும் குடும்பம். சசிகுமாரின் மனைவி வசந்தியாகச் சிம்ரன். 'கன்னத்தில் முத்தமிட்டா'லில் எங்கள் பிள்ளைக்குத் தாய், 23 வருடம் கழித்து எங்கள் ஊர்த் தாயே ஆகிவிட்டார். பேச்சு சில இடத்தில் நன்றாக ஒட்டியது, சில இடத்தில் வழுக்கியது. எனக்கு அது பெரிய குறையாகத் தெரியவில்லை. அம்மா விடவில்லை. "அப்பிடிச் சொல்லமாட்டம் பிள்ளை" என்று படம் முழுக்கச் சிம்ரனுக்கே நேராகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

பாதியில் "நிப்பாட்டு" என்றார். நிப்பாட்டினேன். இப்போது கோடு விழுவதில்லை. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு கிட்டப் போய்ப் பார்த்தார். வயது போனதைப் பற்றி ஏதோ சொல்லப்போகிறார் என்று நினைத்தேன்.

"தோள் இழுபடுது. உது ஆர் தைச்சது?" என்றார்.