நம் வீட்டார் குழு: நானூறு கேண்டியும் இரண்டு மீன்களும்

சனிக்கிழமை

தம்பி, காலை 7:10
அக்கா, நடந்து போய் உயிரிகளைப் பிடித்து வளர்க்கும் போக்கிமான் கோ கைப்பேசி விளையாட்டில், மேஜிகார்ப் என்ற மீனுக்கான என் கேண்டி இன்று காலை 412 ஆகிவிட்டது. அடுத்த வடிவத்துக்கு மாற்ற 400 போதும் என்பதால் எவால்வ் பொத்தான் பச்சையாகத் தெரிகிறது. நான் முதன்முதலில் தாத்தாவோடு கடற்கரையில் பிடித்த மீனை இப்போதே கியாரடோஸாக மாற்றப் போகிறேன். மாற்றுவதற்கு முன் உங்களிடம் ஒரு வார்த்தை கேட்க வேண்டும் என்று அப்பா சொன்னார்.

நான், காலை 7:18
அப்பா சொன்னது நல்லதாயிற்று. ஒரு மணி நேரம் பொத்தானைத் தொடாமல் இரு, தம்பி. எவால்வ் செய்துவிட்டால் திரும்பப் பெறும் வழியே கிடையாது. உன் கையில் இருப்பவற்றை முதலில் எழுதி அனுப்பு: எத்தனை மேஜிகார்ப் வைத்திருக்கிறாய், ஒவ்வொன்றின் சி.பி. (போர் வலிமை) என்ன, மதிப்பீட்டில் (தாக்குதல், தற்காப்பு, உயிர் ஒவ்வொன்றுக்கும் 15-க்கு எத்தனை என்பது) என்ன வந்தது, லெவலை உயர்த்தும் பவர்-அப் பொத்தானில் எவ்வளவு ஸ்டார்டஸ்ட் கேட்கிறது, மொத்த ஸ்டார்டஸ்ட் எவ்வளவு என்பதெல்லாம் எனக்குத் தெரிய வேண்டும்.

தம்பி, காலை 7:41
இரண்டு மீன்களை மட்டும் வைத்துக்கொண்டு மற்றவற்றை விளையாட்டில் வரும் பேராசிரியருக்கு அனுப்பிவிட்டேன். முதல் மீனின் சி.பி. 37, மதிப்பீடு 3/9/11, பவர்-அப் செய்ய 800 ஸ்டார்டஸ்ட் கேட்கிறது. போன வாரம் மழையில் பிடித்த மீனின் சி.பி. 193, மதிப்பீடு 15/14/13, அதற்கு 4,000 கேட்கிறது. மொத்த ஸ்டார்டஸ்ட் 61,000 இருக்கிறது. இவை தவிர ரேர் கேண்டி 9, ஸ்கைதர் என்ற உயிரியை எவால்வ் செய்ய உதவும் மெட்டல் கோட் 1, வேகத் தாக்குதலை மாற்றும் ஃபாஸ்ட் டி.எம். 3, ஈவீ என்ற உயிரிக்கான கேண்டி 40, ஹான்டர் என்ற உயிரி இரண்டு இருக்கின்றன. முதல் மீனுக்கு 800 தானே கேட்கிறது, அதுதானே மலிவு?

நான், காலை 8:05
அந்த 800 என்ற எண்ணைப் பார்த்துத்தான் பலரும் ஏமாறுகிறார்கள். நானும் பல மாதங்கள் அப்படித்தான் நினைத்திருந்தேன். பவர்-அப் பொத்தானில் தெரியும் தொகை, அந்த உயிரி எந்த லெவலில் நிற்கிறது என்பதைக் காட்டும் அடையாளம். 800 கேட்டால் அது ஏழு, எட்டாம் லெவலில் இருக்கிறது. 4,000 கேட்டால் 25, 26-ஆம் லெவலில் இருக்கிறது. மழை பெய்யும்போது நீர்வகை உயிரிகள் வழக்கத்தைவிட ஐந்து லெவல் கூடுதலாகத் தோன்றும் என்பதால்தான் உன் இரண்டாவது மீன் அவ்வளவு உயரத்தில் கிடைத்தது.

எவால்வ் செய்வதால் லெவலும் மாறாது, அந்த மூன்று மதிப்பீட்டு எண்களும் மாறா. ஆகவே முதல் மீனை இன்று மாற்றினால் ஏறத்தாழ 600 சி.பி. உள்ள கியாரடோஸ் கிடைக்கும். மழை மீனை மாற்றினால் ஏறத்தாழ 2,400 சி.பி. கிடைக்கும். செலவு இரண்டுக்கும் அதே 400 கேண்டி.

இனிமேல் வரும் செலவைப் பார். மழை மீனை 25-இலிருந்து 30-ஆம் லெவலுக்குக் கொண்டுபோக 44,000 ஸ்டார்டஸ்ட் ஆகும். முதல் மீனை ஏழாம் லெவலிலிருந்து அதே 30-க்குக் கொண்டுபோக 1,15,200 ஆகும். உன் கையில் இருப்பது 61,000.

சித்தி, காலை 8:20
எனக்கு இந்த விளையாட்டு அவ்வளவாகத் தெரியாது. இருந்தாலும் ஒன்று கேட்கிறேன். கேண்டி, ஸ்டார்டஸ்ட் என்று இரண்டு வகைச் சேமிப்பு எதற்கு? இவற்றைக் காசு கொடுத்து வாங்க வேண்டிய நிலை வருமா? அவனுக்கு அரையாண்டுத் தேர்வு வேறு நெருங்குகிறது.

நான், காலை 8:34
நல்ல கேள்வி, சித்தி. கேண்டி என்பது அந்தந்த இனத்துக்கு மட்டும் உரியது. மேஜிகார்ப் கேண்டியை ஈவீக்குக் கொடுக்க முடியாது. ஸ்டார்டஸ்ட் எல்லா உயிரிகளுக்கும் பொது. வீட்டில் ரேஷன் அரிசியும் மாதச் சம்பளமும் போல வைத்துக்கொள்ளுங்கள்: அரிசி சமையலுக்கு மட்டும்தான் ஆகும், சம்பளம்தான் பள்ளிக் கட்டணம் முதல் பேருந்துச் சீட்டு வரை எல்லாவற்றுக்கும் பகிர்ந்து போகிறது. எவால்வ் செய்ய ஸ்டார்டஸ்ட் ஒரு துளியும் செலவாகாது. பெரும்பாலும் பவர்-அப் செய்யும்போதுதான் கரையும். ஒரு சாதாரண உயிரியைப் பிடித்தால் 100 ஸ்டார்டஸ்ட் கிடைக்கிறது. அந்தக் கணக்கில் 44,000 சேர்க்க 440 உயிரிகளைப் பிடிக்க வேண்டும். அதனால்தான் எந்த உயிரியை வளர்ப்பது என்பதை முன்பே முடிவு செய்துவிட வேண்டும் என்று நான் வலியுறுத்துகிறேன். திட்டமிட்டு விளையாடினால் காசு எதுவும் தேவைப்படாது.

சித்தப்பா, காலை 8:50
400 கேண்டி என்பது மிகவும் அதிகமாகத் தோன்றுகிறதே. பிட்ஜி என்ற பறவை 12 கேண்டிக்கே மாறிவிடுகிறது.

நான், காலை 8:58
ஆமாம், சித்தப்பா. மேஜிகார்ப், ஸ்வாப்லு போன்ற சில இனங்களுக்கே 400 வைத்திருக்கிறார்கள். அதற்கு ஈடாக, மேஜிகார்ப்பைத் துணையாக வைத்துக்கொண்டு நடந்தால் ஒரு கிலோமீட்டருக்கு ஒரு கேண்டி கிடைக்கும். லார்விடார் போன்றவற்றுக்கு ஐந்து கிலோமீட்டர் நடக்க வேண்டும். பிடிப்பதிலும் கணக்கு இருக்கிறது. சாதாரணமாகப் பிடித்தால் 3 கேண்டி, பேராசிரியருக்கு அனுப்பினால் 1, ஆக ஒரு மீனுக்கு 4. கேண்டியை இரட்டிப்பாக்கும் பினாப் பெர்ரி கொடுத்துப் பிடித்தால் 6-உம் 1-உம் சேர்ந்து 7. முதல் வழியில் 400 சேர்க்க நூறு மீன்கள் வேண்டும். பினாப் கொடுத்தால் 58 மீன்கள் போதும். தம்பி கடற்கரையில் பினாப் பெர்ரியை மற்ற உயிரிகளுக்கு வீணாக்காமல் மீனுக்கென்று ஒதுக்கியதால்தான் இவ்வளவு விரைவில் 412 வந்தது. அந்தப் பொறுமைக்கு அவனைப் பாராட்ட வேண்டும்.

தம்பி, காலை 9:15
கணக்கு எனக்குப் புரிகிறது, அக்கா. ஆனாலும் அது என் முதல் மீன். அன்றைக்கு அதைப் பிடிக்க ஒன்பது பந்துகள் எறிந்தேன், கடைசிப் பந்தைத் தாத்தாதான் எறிந்தார். மழை மீனைத் தற்செயலாகப் பிடித்தேன். அதை மாற்றுவதில் எனக்கு ஆர்வமே வரவில்லை.

தாத்தா, காலை 9:40
பேத்தி சொன்ன கணக்கை இரண்டு முறை படித்தேன். எனக்கு ஓர் ஐயம். நான் காலையில் பேரனின் கைப்பேசியை எடுத்துக்கொண்டு எலியட்ஸ் கடற்கரையில் நான்கு கிலோமீட்டர் நடக்கிறேன். அப்போது கிடைக்கும் கேண்டி, துணையாக நடக்கும் மீனுக்கு மட்டும் சேருமா, அல்லது மேஜிகார்ப் இனம் முழுவதற்கும் பொதுவாகச் சேருமா?

நான், காலை 9:46
இனம் முழுவதற்கும் பொதுவாகச் சேரும், தாத்தா. எந்த மேஜிகார்ப் உங்களோடு நடந்தாலும் கேண்டி ஒரே கணக்கில்தான் ஏறும்.

தாத்தா, காலை 9:55
அப்படியானால் முதல் மீன் என்னோடு நடக்கட்டும். அது சம்பாதித்துக் கொடுக்கும் கேண்டியில் மழை மீன் வளரட்டும். முதல் மீனை யாரும் மாற்றவும் வேண்டாம், பேராசிரியருக்கு அனுப்பவும் வேண்டாம்.

தம்பி, காலை 9:57
தாத்தா, இதற்கு எனக்குச் சம்மதம்.

நான், காலை 10:12
எனக்கும் முழுச் சம்மதம். நான் இதை யோசிக்கவே இல்லை. தம்பி, முதல் மீனுக்கு விருப்பக் குறியாக அந்த நட்சத்திரத்தைப் போட்டு வை. குறியிட்ட உயிரியைத் தவறுதலாக அனுப்ப விளையாட்டு அனுமதிக்காது.

தாத்தாவின் யோசனை இன்னொரு வகையிலும் பொருந்துகிறது. 400 போக மீதம் 12, எவால்வ் செய்ததற்குக் கிடைக்கும் ஒன்று, ஆக உன்னிடம் 13 கேண்டி இருக்கும். கியாரடோஸை 25-இலிருந்து 30-க்கு ஏற்ற 44,000 ஸ்டார்டஸ்டோடு 38 கேண்டியும் வேண்டும். பற்றாக்குறை 25. தாத்தா ஒரு வாரம் நடந்தால் 28 கேண்டி வந்துவிடும்.

சித்தப்பா, காலை 10:30
30-ஆம் லெவலோடு ஏன் நிறுத்தச் சொல்கிறாய்? 40 வரை ஏற்றினால் இன்னும் வலிமை கூடுமே.

நான், காலை 10:44
கூடும், ஆனால் விலைக்குத் தகுந்த அளவு கூடாது. 20-இலிருந்து 30 வரை ஏற்ற 75,000 ஸ்டார்டஸ்ட். 30-இலிருந்து 40 வரை ஏற்ற 1,50,000. இந்த இரண்டாவது ஏற்றத்தால் தாக்குதல், தற்காப்பு, உயிர் ஒவ்வொன்றும் எட்டு சதவீதம் அளவுக்கே உயர்கின்றன. அதே 1,50,000 ஸ்டார்டஸ்டில் வேறு இரண்டு உயிரிகளை 20-இலிருந்து 30-க்குக் கொண்டுவரலாம். ரெய்டு எனப்படும் பெரிய எதிரியோடான போருக்கு ஆறு உயிரிகள் கொண்ட அணி வேண்டும் என்பதால், ஒன்றை மட்டும் உச்சத்துக்குக் கொண்டுபோய் மற்ற ஐந்தையும் பட்டினி போடுவது எனக்குச் சரியாகப் படவில்லை. நீர்வகைத் தாக்குநர்களில் கியாரடோஸ் முதலிடத்தில் இருப்பது அல்ல. கியோக்ரே, ஸ்வாம்பர்ட் இரண்டும் அதைவிடச் சிறப்பாகத் தாக்கும். இப்போதைக்குத் தம்பியிடம் வேறு நல்ல நீர்வகை இல்லாததால் 30 வரை வளர்ப்பது நியாயம். மின்சார வகை எதிரிகளிடம் மட்டும் அதை அனுப்பாதே, தம்பி. நீரும் பறவையும் சேர்ந்த வகை என்பதால் 2.56 மடங்கு அடி விழும்.

ரேர் கேண்டி ஒன்பதையும் தொடாதே. எந்த இனத்தின் கேண்டியாகவும் அதை மாற்றலாம் என்பதால், இருபது கிலோமீட்டர் நடந்தால்தான் ஒரு கேண்டி தரும் அரிய உயிரிகளுக்கு வைத்துக்கொள். ஒரு கிலோமீட்டரில் கேண்டி தரும் மீனுக்கு அதைக் கொடுப்பது பெரிய நட்டம். மெட்டல் கோட்டும் இருக்கட்டும். நல்ல ஸ்கைதர் கிடைத்து 50 கேண்டி சேரும்போது பார்க்கலாம்.

சித்தப்பா, காலை 11:02
ஹான்டர் பற்றி எதுவும் சொல்லவில்லையே. என்னிடமும் ஒன்று இருக்கிறது. கெங்காராக மாற்ற 100 கேண்டி கேட்கிறது.

நான், காலை 11:15
நீங்களும் தம்பியும் ஒரே வீட்டில் இருப்பதால் அந்த 100 கேண்டியைச் செலவழிக்கவே தேவையில்லை. ஆளுக்கு ஒரு ஹான்டரைப் பரிமாறிக்கொள்ளுங்கள். கை மாறி வந்த ஹான்டர் கேண்டி இல்லாமலேயே கெங்காராகும்; பரிமாற்றத்துக்கு ஆகும் செலவு 100 ஸ்டார்டஸ்ட் மட்டும். கை மாறும்போது மதிப்பீட்டு எண்கள் புதிதாக விழும் என்பதால் நல்ல எண்கள் உள்ளதை வைத்துக்கொண்டு சுமாரானதைக் கொடுங்கள். ஒருமுறை கை மாறியதை மறுபடி கை மாற்ற முடியாது. அதிர்ஷ்டம் இருந்தால் அது லக்கி உயிரியாக வரும். அப்படி வந்தால் பவர்-அப் செலவு பாதிதான்.

தம்பி, காலை 11:30
ஈவீக்கு ஒரு குறிப்பிட்ட பெயர் வைத்து எவால்வ் செய்தால் அதன் வடிவங்களில் ஒன்றான அம்ப்ரியான் கிடைக்கும் என்று என் நண்பன் சொன்னான். அதையும் இன்றே செய்துவிடட்டுமா?

நான், காலை 11:48
பெயர் வழி ஒவ்வொரு வடிவத்துக்கும் ஒரே ஒரு முறைதான் பலிக்கும். நடக்கும் வழியை எத்தனை முறை வேண்டுமானாலும் பயன்படுத்தலாம். தாத்தாவின் நடை இருக்கும்போது பெயரை ஏன் செலவழிக்க வேண்டும்? ஈவீயைத் துணையாக வைத்துப் பத்து கிலோமீட்டர் நடந்து, அது துணையாக இருக்கும்போதே இரவில் 25 கேண்டி கொடுத்து மாற்றினால் அம்ப்ரியான். பகலில் மாற்றினால் எஸ்பியான். பத்து கிலோமீட்டர் முடிந்த பிறகும் துணையை மாற்றிவிடக் கூடாது. 2016 டிசம்பரில் இந்த விளையாட்டு இந்தியாவுக்கு வந்ததிலிருந்து விளையாடுகிறேன். அடுத்த ஆண்டே இந்த இடத்தில்தான் தவறினேன். நடந்து முடித்த மகிழ்ச்சியில் வேறு உயிரியைத் துணையாக்கிவிட்டு எவால்வ் செய்தேன், ஃபிளாரியான் வந்து நின்றது. எவால்வ் பொத்தானுக்கு அருகில் அம்ப்ரியானின் நிழல் தெரிகிறதா என்று பார்த்த பிறகே அழுத்து. கேள்விக்குறி தெரிந்தால் அழுத்தாதே.

ஆகவே தாத்தா, நாளை முதல் மூன்று நாட்கள் ஈவீ உங்களோடு வரட்டும். புதன்கிழமையிலிருந்து முதல் மீன் வரட்டும். விளையாட்டு மூடியிருந்தாலும் அதிலுள்ள அட்வென்ச்சர் சிங்க் வசதி தூரத்தைக் கணக்கில் எடுத்துக்கொள்ளும். நடக்கும்போது திரையைப் பார்க்க வேண்டியதில்லை. வண்டியில் போகும் தூரம் மட்டும் சேராது.

சித்தி, பகல் 12:05
தாத்தா திரையைப் பார்த்துக்கொண்டு சாலையைக் கடக்கக் கூடாது என்பதுதான் என் கவலை, அது தீர்ந்தது. அவன் கைப்பேசியும் காலையில் தாத்தாவிடமே இருப்பதால் படிப்பும் நடக்கும்.

செவ்வாய்க்கிழமை

தாத்தா, காலை 7:25
மூன்று நாளில் 12 கிலோமீட்டர் முடிந்தது. துணையை நான் மாற்றவில்லை.

தம்பி, இரவு 8:10
நிழலைப் பார்த்துவிட்டு அழுத்தினேன், அம்ப்ரியான் வந்துவிட்டது! மழை மீனையும் மாற்றிவிட்டேன். கியாரடோஸின் வேகத் தாக்குதல் பைட், பெரிய தாக்குதல் ஹைட்ரோ பம்ப். என்ன செய்வது?

நான், இரவு 8:22
ஹைட்ரோ பம்ப் கிடைத்தது நல்லது, அதை அப்படியே வைத்துக்கொள். ஒரு ஃபாஸ்ட் டி.எம். கொடுத்துப் பார், நீர்வகைத் தாக்குதலான வாட்டர்ஃபால் வந்தால் அதோடு நிறுத்திவிடு. மீதி 25 கேண்டி வரும் வரை ஸ்டார்டஸ்டைத் தொடாதே. சித்தப்பா, ஹான்டர் என்ன ஆயிற்று?

சித்தப்பா, இரவு 8:31
பரிமாறிக்கொண்டோம். எனக்கு வந்ததும் அவனுக்கு வந்ததும் லக்கி. இப்போது தன்னுடையதற்கும் ஸ்டார்டஸ்ட் ஒதுக்க வேண்டும் என்கிறான்.

நான், இரவு 8:40
ஒதுக்கலாம், ஆனால் கியாரடோஸுக்கு 44,000 போன பிறகு ஏறத்தாழ 17,000 தான் மிஞ்சும். பாதி விலை என்பது எப்போதும் அப்படியே இருக்கும், காலாவதி ஆகாது. தேர்வு முடியட்டும், தம்பி. அதற்குள் சேருவதைப் பார்த்துக் கெங்காரைத் தொடங்கலாம்.

தாத்தா, இரவு 8:52
நாளைக் காலை ஐந்தரைக்குக் கிளம்புகிறேன். தூங்கப் போகும் முன் முதல் மீனைத் துணையாக மாற்றிக் கைப்பேசியை என் மேசையில் வைத்துவிடு.

தம்பி, இரவு 8:54
மாற்றிவிட்டேன், தாத்தா. மின்னேற்றியில் போட்டு வைத்திருக்கிறேன்.