பொருள்: காவல் கொட்டகை நிதி – சம்பளம் எந்தக் கணக்குப்படி?

அன்புள்ள சங்க உறவுகளுக்கு,

செயலாளர் அனுப்பிய வரவு செலவுத் திட்டத்தை மூன்று முறை படித்தேன். ஊரில் கட்டு விழுந்து காலம் மெதுவாக ஓடுகிற இடத்தின் எல்லையில் காவல் போடுவதில் எனக்கு மறுப்பில்லை. சித்தி மகள் போன மாதம் நேரில் பார்த்துவிட்டு வந்து சொன்னதைக் கேட்ட பிறகு யாருக்கு மறுப்பு வரும்? பந்து உருண்டு கட்டுக்குள் போயிருக்கிறது. எடுக்கப் போன பையன் உள்ளே அரை மணி நேரம் வேடிக்கை பார்த்துவிட்டான். வெளியே 15 மணி நேரம். அவன் அம்மா ராத்திரி முழுக்கக் கோட்டுக்கு இந்தப் பக்கம் நின்று கத்தியிருக்கிறாள். மறுநாள் பரீட்சையும் போச்சு.

ஆனால் படத்தில் கொட்டகை கோட்டுக்கு உள்பக்கம் இருக்கிறது. சம்பளப் பக்கத்தில் மாதம் 90 ஷிஃப்ட் என்று இருக்கிறது. உள்ளே ஒரு நாள் என்றால் வெளியே 30 நாள் என்பது பத்து வருஷமாக நாம் படிக்கிற பாடம். உள்ளே நிற்பவர் 8 மணி நேர ஷிஃப்டை முடிப்பதற்குள் இங்கே 10 நாள் ஓடிவிடும். ஆக மாதத்துக்கு மூன்று ஷிஃப்ட்தான். மீதி 87 யாருக்கு? தவிர, வெளியே ஓடுகிற பையன் அவர் கண்ணுக்கு மின்னல் மாதிரி தெரிவான். உள்ளே வந்து விழுந்த பிறகுதான் நிலைப்பான். அப்புறம் விரட்டி என்ன பிரயோஜனம்?

கட்டை அவிழ்க்கிறேன் என்று போனாரே ஒருவர், அவர் எட்டு நாள் ஜபித்தார். நாம் எட்டு மாதம் காத்திருந்தோம். அந்த முன்பணத்துக்கு இன்றுவரை ரசீது இல்லை.

கட்டு விழுந்ததால் பிழைத்தவர்களும் நம்மில் உண்டு. வெளியே டெபாசிட் போட்டுவிட்டு உள்ளே 12 நாள் படுத்து எழுந்தால் கிட்டத்தட்ட ஒரு வருஷ வட்டி. பெயர் சொல்லவில்லை, அவருக்கே தெரியும். உள்ளே கடன் வாங்கியவன் கதை வேறு. அவன் கைமாற்று வாங்கி நாலு மாதம்கூட ஆகவில்லை என்கிறான். கொடுத்தவர் பத்து வருஷ வட்டியோடு நிற்கிறார். 1752இல் இங்கிலாந்து நாட்காட்டியை மாற்றியபோது செப்டம்பர் 2க்கு அடுத்த நாள் 14 ஆனது. விட்டுப்போன 11 நாளைக் காட்டிக் கடனையும் வாடகையையும் முன்கூட்டிக் கேட்கக்கூடாது என்று சட்டத்திலேயே எழுதினார்கள். 11 நாளுக்கே அவ்வளவு ஜாக்கிரதை. நம் சங்க விதியில் ஒரு வரி கிடையாது.

"கணக்கு கேட்டு ஊர் மானத்தை வாங்காதே" என்று மேலத்தெரு அண்ணாச்சி எழுதியிருக்கிறார். நான் போன முறை கோட்டோரம் நின்றபோது எதிரே உள்பக்கம் என் அண்ணன் நின்றார். என்னைப் பார்த்ததும் கையைத் தூக்கினார். தூக்கி முடிக்க ஒரு நிமிடம் ஆயிற்று. தாடையில் பிளேடு கீறின சிவப்பு இன்னும் ஈரமாக இருந்தது. என்னைவிட நாலு வயது மூத்தவர். இப்போது எனக்கு 56, அவருக்கு 50. தூக்கினார் என்று எழுதுவதா, தூக்கினான் என்று எழுதுவதா? அலுவலகத்தில் யார் மூத்தவர் என்று கேட்டு இரண்டு பிறப்புச் சான்றிதழையும் புரட்டிப் பார்த்துவிட்டு, பாகப்பிரிவினைக் கோப்பை மூடி வைத்துவிட்டார்கள். இதில் மானம் எங்கே இருக்கிறது என்று அண்ணாச்சி சொல்லட்டும்.

– தணிக்கையாளர்

தணிக்கையாளர் தம்பிக்கு,

படம் வரைந்தவர் கோட்டை மாற்றிப் போட்டுவிட்டார், அவ்வளவுதான். கொட்டகை வெளியேதான். 90 ஷிஃப்டும் சரி. இதைப் போனில் கேட்டிருக்கலாம். கட்டு விழுந்த அன்று உள்ளே இருந்தவர்களை வெளியே இழுக்க முதலில் ஓடியவன் நான். என் ஒரு வருஷம் அதில் போனது. அதற்கு ரசீது யாரும் கேட்கவில்லை, நானும் கொடுக்கவில்லை. ஊருக்கு இவ்வளவு கணக்கு பார்க்கிறீர்கள், உங்கள் அண்ணன் சந்தா பத்து வருஷப் பாக்கி என்பதையும் பார்க்கவும்.

– மேலத்தெரு

அண்ணாச்சி,

அண்ணன் சந்தா நாலு மாதப் பாக்கி. இன்று கட்டிவிட்டேன். திருத்திய படத்தோடு ரசீதும் அனுப்பச் சொல்லுங்கள்.