பெரு நாட்டு புளூபெர்ரி கோவைக்கு வருகிறது, நம் வாழை கப்பல் ஏற வேண்டுமா?

தடப்பள்ளி வாய்க்கால்:

வணக்கமுங்க. கோபிசெட்டிபாளையத்துக்குப் பக்கம் ஐந்து ஏக்கர் தோட்டம். மூன்று ஏக்கரில் கதளியும் நேந்திரமும், மீதியில் நெல். போன வாரம் மகளைப் பார்க்கக் கோவை போனபோது ஒரு பெரிய கடையில் சின்ன டப்பாவில் புளூபெர்ரி வைத்திருந்தார்கள். 125 கிராம். பெரு நாட்டில் விளைந்தது என்று ஒட்டியிருந்தது. விலை முந்நூறு ரூபாய்க்குப் பக்கம். அதற்கு முந்தின சனிக்கிழமைதான் என் கதளி ஏலத்தில் கிலோ எட்டு ரூபாய்க்குப் போயிருந்தது. வெட்டுக்கூலியும் வண்டி வாடகையும் கழித்தால் கையில் நின்றது பாதிதான்.

பூமியின் அந்தப் பக்கத்திலிருந்து ஒரு பழம் வாடாமல் இங்கே வந்து சேர்கிறது. நம் காய்க்கு உள்ளூர் ஏலத்திலேயே விலை இல்லை. அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை.

இப்போது ஒருவர் வந்து, மூன்று ஏக்கரையும் ஜி9 (கிராண்ட் நைன் என்ற நீள மஞ்சள் வாழை ரகம்) ஆக மாற்றுங்கள், ஆய்வகத்தில் வளர்த்த திசு வளர்ப்புக் கன்று நாங்களே தருகிறோம், காயை வளைகுடாவுக்கு அனுப்புகிறோம் என்கிறார். மாறலாமா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ரீஃபர் கோவை:

தாராளமாக மாறுங்கள் அண்ணா. பழப்பெட்டி அனுப்புகிற தொழிலில் எட்டு வருடமாக இருக்கிறேன், அதனால் சொல்கிறேன். உலகத்தில் விளைகிற வாழையில் நான்கில் ஒரு பங்குக்கு மேல் இந்தியாவில் விளைகிறது. ஆனால் 2022-23 கணக்கில் உலக ஏற்றுமதியில் நம் பங்கு 1 சதவீதம்தான். அந்த வருடம் நாடு முழுவதும் அனுப்பியது சுமார் 3.6 லட்சம் டன், மதிப்பு 17.6 கோடி டாலர். விளைச்சலோ மூன்றரைக் கோடி டன். ஏற்றுமதியில் முதலிடம் ஈக்வடாருக்கு. அவர்கள் விளைவிப்பது நம்மைவிட எவ்வளவோ குறைவு.

நம் நாட்டிலிருந்து போவதில் பெரும்பகுதி ஜி9. ஈரான், ஈராக், அமீரகம், ஓமன் பக்கம் போகிறது. மகாராஷ்டிரத்தில் சோலாப்பூர், ஜல்காவ் பக்கம் ஒரு தோட்டத்தைப் போய்ப் பாருங்கள். பூ உதிர்ந்ததும் தாருக்கு உறை மாட்டுகிறார்கள். அடிச்சீப்புகளை ஒடித்துவிட்டு எட்டு ஒன்பது சீப்பு மட்டும் விடுகிறார்கள். வெட்டின தார் தரையைத் தொடுவதே இல்லை. தோட்டத்திலேயே சீப்பு பிரித்து, பால் போகக் கழுவி, 13 கிலோ பெட்டியில் அடைத்து, 13 டிகிரி குளிரில் ஏற்றுகிறார்கள். அதற்குக் கீழே போனால் தோல் கறுக்கும், மேலே போனால் வழியிலேயே பழுக்கும்.

நாம் என்ன செய்கிறோம்? தாரை வெட்டித் தோளில் போட்டு, சருகு பரப்பி லாரியில் அடுக்கி, மேலே ஆள் ஏறி மிதித்து இன்னொரு அடுக்கு வைக்கிறோம். கோவை வந்து சேரும்போது தோல் முழுக்கத் தழும்பு. எட்டு ரூபாய்க்கு அந்தத் தழும்பும் ஒரு காரணம்.

மேட்டுப்பாளையம் மண்டி:

தம்பி, தழும்பு இல்லாத கதளியும் அந்த வாரம் எட்டு ரூபாய்க்குத்தான் போயிருக்கும். வரத்து கூடினால் விலை விழும், தோலைப் பார்த்து அல்ல. முப்பது வருடமாக வாழை வாங்கி விற்கிறேன்.

தடப்பள்ளிக்காரருக்குச் சொல்கிறேன். கேரளம் நமக்கு வெளிநாட்டுக்குச் சமமான சந்தை. வாளையார் தாண்டினால் நேந்திரத்துக்கு ஓணத்தில் ஒரு விலை, சிப்ஸ் போடுகிறவர்களிடம் ஒரு விலை, கதளிக்குக் கோயில் தேவை. உள்ளூரில் முகூர்த்தம் வந்தால் பூவனும் தேன்வாழையும் செவ்வாழையும் தார் கணக்கில் ஏறும். கதளி, நேந்திரம், மொந்தன், ரஸ்தாளி என்று இத்தனை ரகம் வைத்திருப்பதே ஒன்று விழுந்தால் இன்னொன்று தாங்கட்டும் என்றுதான். மூன்று ஏக்கரையும் ஒரே ரகமாக்கி, ஒரே ஆளிடம் கொடுத்துவிட்டு, அவர் வண்டி அனுப்பவில்லை என்றால்? வேண்டாம் என்று ஒதுக்கின ஜி9ஐ எங்கள் மண்டிக்குத்தான் கொண்டு வருவீர்கள். அன்றைக்கு நான் என்ன விலை சொல்வேன் என்று உங்களுக்கே தெரியும்.

நாக்பூர் ஆரஞ்சுக்காரர்கள் பங்களாதேஷை நம்பியிருந்தார்கள். 2019லிருந்து அந்த அரசு இறக்குமதி வரியைப் படிப்படியாக ஏற்றியது. சரக்கெல்லாம் உள்ளூர்ச் சந்தைக்கே திரும்பி விலையை அமுக்கிவிட்டது. வேறொரு நாட்டு அரசின் ஒரு உத்தரவு, விதர்பாவில் ஒரு விவசாயியின் வீட்டை உலுக்கியது. வெளிநாடு என்றால் இதையும் சேர்த்துத்தான்.

தடப்பள்ளி வாய்க்கால்:

இரண்டு பேருக்கும் நன்றிங்க. இன்னொரு பயம் இருக்கிறது. சித்திரை, வைகாசியில் சூறைக்காற்று அடித்தால் அந்தியூர், சத்தி, கோபி எல்லாப் பக்கமும் தார் விட்ட மரம் பாதி முறிந்து விழுகிறது. ஏற்றுமதிக்கு என்று உறை, கழுவும் தொட்டி எல்லாவற்றுக்கும் செலவு செய்துவிட்டு, ஒரு சாயங்காலக் காற்றில் போனால் யார் தருவார்கள்?

துபாய் திருப்பூரான்:

நான் பார்ப்பதை மட்டும் சொல்கிறேன். இங்கே கடையில் பிலிப்பைன்ஸ் வாழையும் நம் நாட்டு ஜி9உம் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். அவர்களுடையது எல்லாம் ஒரே நீளம், ஒரே மஞ்சள். நம்முடையது ஒரு வாரம் அருமையாக இருக்கும், அடுத்த வாரம் முனை கறுத்திருக்கும். அதனால் நம்முடையதற்கு எப்போதும் விலை குறைத்துத்தான் எழுதுகிறார்கள்.

ஆனால் மலையாளிகள் கடையில் நேந்திரமும் சின்ன வாழைப்பழமும் கிலோவுக்கு அந்த மஞ்சள் பழத்தைவிடப் பல மடங்கு. என் மனைவி கேட்கிறாள் என்று வெள்ளிக்கிழமை தவறாமல் வாங்குகிறேன். ஜி9ஐ வைத்துப் பிலிப்பைன்ஸோடு மல்லுக்கட்டுவதைவிட இதை ஒழுங்காக அனுப்ப யாராவது யோசிக்கலாமே.

மேட்டுப்பாளையம் மண்டி:

இதைத்தான் தம்பி நானும் சொல்கிறேன். நம் ரகத்தைக் கேட்கிற வாய் உலகம் முழுக்க இருக்கிறது.

ரீஃபர் கோவை:

கேட்கிற வாய் இருக்கிறது, சரி. விமானத்தில் போவதால்தான் அந்த விலை, அதில் பெரும்பகுதி விமானக் கூலி. தோட்டக்காரருக்கு வருவதில்லை. கப்பலில் போனால்தான் மிஞ்சும். அதற்கும் முயற்சி நடந்திருக்கிறது. 2021ல் கேரளத்திலிருந்து நேந்திரத்தைக் கப்பலில் லண்டனுக்கு அனுப்பிப் பார்த்தார்கள். எந்தப் பக்குவத்தில் வெட்டுவது, எப்படி அடைப்பது என்ற முறையைக் கொடுத்தது திருச்சி தேசிய வாழை ஆராய்ச்சி மையம். காய் நல்லபடியாகப் போய்ச் சேர்ந்தது. ஆனால் ஒரு முறை சேர்வது வேறு, ஒவ்வொரு வாரமும் சேர்வது வேறு.

ஒரு 40 அடி குளிர்சாதனக் கொள்கலனுக்கு 20 டன் காய் வேண்டும். ஏக்கருக்கு 1200 கன்று நடலாம், ஆனால் எல்லாம் ஒரே நாளில் வெட்டுக்கு வராது, ஒன்றரை இரண்டு மாதம் நீளும். என் கணக்கில், ஒரு வெட்டில் ஒரு கொள்கலன் நிரப்ப ஏழெட்டு ஏக்கராவது ஒரே வாரத்தில் நட்டிருக்க வேண்டும். அப்படி வாரம் தவறாமல் தொடர வேண்டும். நம் பக்கம் பக்கத்துத் தோட்டத்துக்காரர் எப்போது நட்டார் என்று கேட்டு நடுகிற பழக்கம் இல்லை. ஈக்வடார்காரனுக்கு வருடம் முழுக்க வாரா வாரம் கப்பல் இருக்கிறது. அவனுடைய பலம் அந்தக் கட்டுப்பாடு.

ஆனைமலை நார்:

பேச்சு புளூபெர்ரியில் ஆரம்பித்ததால் ஒன்று சொல்ல வேண்டும். நம் பக்கத்துப் பொருள் ஒன்று பெர்ரி வியாபாரத்துக்குள் எப்போதோ நுழைந்துவிட்டது. பொள்ளாச்சி, உடுமலை, காங்கேயம் பக்கம் தேங்காய் மட்டையிலிருந்து நார் எடுத்த பிறகு மிஞ்சும் பித், முன்பு மில்லுக்குப் பின்னால் மலையாகக் கிடக்கும், தீ வைப்பார்கள். இப்போது இந்தியத் தென்னை நார்ப் பொருள் ஏற்றுமதியில் முதல் இடம் அதற்குத்தான். நெதர்லாந்திலும் இங்கிலாந்திலும் இடுப்பு உயர மேடையில் வளர்கிற ஸ்ட்ராபெர்ரி வேர் விடுவது தென்னம் பித்தில். புளூபெர்ரியைத் தொட்டியில் வளர்க்கிறவர்களும் வாங்குகிறார்கள். ஐந்து கிலோ கட்டியாக அழுத்தி, தூத்துக்குடி, கொச்சி வழியாகப் போகிறது.

இதில் எனக்குப் பெருமையும் உண்டு, வருத்தமும் உண்டு. பச்சைப் பித்தில் உப்பு அதிகம். வெளிநாட்டுக்காரர் கேட்கிற அளவுக்கு அதை இறக்க நல்ல தண்ணீரில் திரும்பத் திரும்பக் கழுவ வேண்டும், அப்புறம் கால்சியம் நைட்ரேட்டில் ஊற வைக்க வேண்டும். கழுவின தண்ணீர் எங்கே போகும்? சரியாகச் செய்யாத இடங்களில் பக்கத்துக் கிணறு சிவந்துபோனதைக் கண்ணால் பார்த்திருக்கிறேன். 2021ல் மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் நார் ஆலைகளை, மாசு இல்லாத தொழில்களுக்கான வெள்ளைப் பட்டியலிலிருந்து மாசு உள்ளவற்றுக்கான ஆரஞ்சுப் பட்டியலுக்கு மாற்றியதே இதனால்தான். உப்பு நம் நிலத்தில், பெர்ரி அவர்கள் தட்டில். ஏற்றுமதி என்றாலே லாபம் என்று பேசுகிறவர்கள் இந்தக் கணக்கையும் எழுதிக்கொள்ள வேண்டும். வாழைக்கும் தண்ணீர்தான் உயிர். தடப்பள்ளி வாய்க்காலில் தண்ணீர் இருக்கிறது என்பதால் அதைப் பெட்டியில் போட்டு அனுப்பலாமா என்று நான் கேட்கிறேன்.

ரீஃபர் கோவை:

அண்ணா, கிணறு விஷயம் உண்மை, அதை மறைக்கவில்லை. ஆனால் வாழைக்கு இந்த நியாயம் பொருந்தாது. எட்டு ரூபாய்க்கு விற்கிற கதளியும் அதே வாய்க்கால் தண்ணீரைத்தான் குடிக்கிறது. அதே தண்ணீருக்கு இரண்டு மடங்கு விலை கிடைத்தால் தண்ணீருக்கு மரியாதை கூடுகிறது, குறையவில்லை. பெருவையே பாருங்கள். 2010 வாக்கில் புளூபெர்ரி வரைபடத்தில் அந்த நாடே இல்லை. பத்துப் பதினோரு வருடத்தில் உலகத்திலேயே அதிகம் ஏற்றுமதி செய்கிற நாடாகிவிட்டது. மழையே இல்லாத கடலோரப் பாலைவனம் அது. ஆண்டீஸ் மலையில் 20 கிலோமீட்டர் சுரங்கம் குடைந்து ஓல்மோஸ் என்ற இடத்துக்கு ஆற்றைத் திருப்பி, சொட்டுநீரில் விளைவிக்கிறார்கள். மற்ற நாடுகளில் காய் குறைவான செப்டம்பர் முதல் டிசம்பர் வரை அவர்கள் பறிக்கிறார்கள். காலிங்கராயனும் பரம்பிக்குளம் ஆழியாறும் பார்த்த நமக்கு ஆற்றைத் திருப்புவது புதிதா? சந்தைக்குக் காய் எப்போது வேண்டும் என்று பார்த்து நடுவதைத்தான் கற்றுக்கொள்ள வேண்டும்.

கோத்தகிரி:

புளூபெர்ரி நீலகிரியில் வருமா என்று யாராவது கேட்பார்கள், முன்பே சொல்லிவிடுகிறேன். தேயிலை மண் மாதிரி புளிப்பு மண்தான் அதற்கும் வேண்டும். குளிர் அதிகம் கேட்காத ரகங்களும் வந்துவிட்டன. ஆனால் பெருவில் மழை இல்லை, இங்கே இரண்டு பருவமழையும் உண்டு. பழுக்கிற நேரத்தில் நனைந்தால் பழம் வெடிக்கும், கூரை போட வேண்டும். எங்கள் ஸ்ட்ராபெர்ரியே ஊட்டிக்கு வருகிறவர்கள் வாங்குவதால்தான் ஓடுகிறது. பறித்தால் மூன்று நாள். கல்லார் பழப்பண்ணையில் விளைகிற மங்குஸ்தான் பெர்ரியைவிட எவ்வளவு நல்ல பழம்! பக்கத்தில் மேட்டுப்பாளையத்தைத் தாண்டினால் அதைத் தெரிந்தவர் குறைவு. நம் பழத்தை நாமே முதலில் சாப்பிட்டுப் பழக வேண்டும் என்பது என் எண்ணம்.

மேட்டுப்பாளையம் மண்டி:

கோத்தகிரி அம்மா சொன்னதை வழிமொழிகிறேன். கல்யாணத் தாம்பூலத்திலேயே கொய்யாவுக்குப் பதில் ஆப்பிளும் கிவியும் வைக்கிறோம். ஆப்பிளுக்கு 50 சதவீதம் வரி போட்டு, 2023 மே மாதம் கிலோ 50 ரூபாய்க்குக் கீழே இறக்குமதியே கூடாது என்றும் சொன்னார்கள். காஷ்மீர், இமாச்சல் விவசாயிக்கு அது நல்லது. ஆயக்குடிக் கொய்யாவுக்கு அப்படிக் காவல் நிற்க யார் இருக்கிறார்கள்?

ரீஃபர் தம்பியிடம் ஒரே கேள்வி. பெட்டி துபாய் போய்ச் சேர்ந்தபின் "காய் பழுத்துவிட்டது, பாதி விலைதான்" என்று செய்தி வந்தால் அந்த நஷ்டம் யாருக்கு?

ரீஃபர் கோவை:

ஒப்பந்தத்தைப் பொறுத்தது.

மேட்டுப்பாளையம் மண்டி:

பொறுத்தது என்று விட முடியாது. 2023 கடைசியில் செங்கடலில் கப்பலைத் தாக்க ஆரம்பித்தார்கள், ஐரோப்பா போகிற நாசிக் திராட்சை ஆப்பிரிக்காவைச் சுற்றிப் போனது. கூலியும் கூடியது, நாளும் கூடியது. அந்தச் சுற்றுக்குத் தோட்டக்காரன் என்ன தப்பு செய்தான்? எங்கள் மண்டியில் ஆயிரம் குறை இருக்கலாம், கமிஷன் பிடிக்கிறோம், கழிவு பிடிக்கிறோம். ஆனால் எடை போட்ட பிறகு காய் என்னுடையது. பணம் அன்றைக்கோ அடுத்த வாரமோ கொடுத்துவிடுவேன்.

ரீஃபர் கோவை:

ஐயா கேட்டது நியாயம், ஒளிக்காமல் சொல்கிறேன். இரண்டு விதமாக வாங்குகிறார்கள். ஒன்று, தோட்டத்திலேயே எடை போட்டு விலை பேசிவிடுவது. அதற்குப் பிறகு எது நடந்தாலும் அனுப்புகிறவர் பாடு. இன்னொன்று, அங்கே விற்றபின் செலவு போகக் கொடுப்பது. இரண்டாவதில் வந்த சங்கடங்களை நானும் பார்த்திருக்கிறேன். ஆரம்ப வருடங்களில் நான் வேலை பார்த்த ஓர் இடத்தில் அப்படித்தான் வாங்கினார்கள். ஒரு முறை அனுப்பிய பெட்டிகள் கெட்டுப்போய், பணம் எதிர்பார்த்திருந்தவர்கள் வாசலில் வந்து நின்றார்கள். பெரியவர் ஒருவர் ஒன்றும் பேசாமல் திண்ணையில் உட்கார்ந்திருந்தார். அந்த முகம் இன்னும் மறக்கவில்லை.

ஆனால் விவசாயி பக்கமும் ஒரு கடமை உண்டு. 2010ல் நம் திராட்சையில் குளோர்மெக்வாட் என்ற வளர்ச்சி மருந்து எச்சம் இருந்ததென்று ஐரோப்பா சரக்கைத் தடுத்தது. நன்றாக வளர்த்தவர்களும் சேர்ந்து அடிபட்டார்கள். என்ன மருந்து, எந்தத் தேதி என்று எழுதி வைக்கிற நோட்டு இல்லாமல் யாரும் பெட்டி அடைக்க முடியாது.

ஆனைமலை நார்:

அந்த நோட்டு உள்ளூரில் விற்பதற்கும் வேண்டும். நம் பிள்ளைகளும் அதே பழத்தைத்தான் சாப்பிடுகிறார்கள்.

தடப்பள்ளி வாய்க்கால்:

எல்லாவற்றையும் இரண்டு முறை படித்தேன். வீட்டில் மனைவியிடமும் படித்துக் காட்டினேன். நேற்று அந்த ஆள் திரும்ப வந்தார். தோட்டத்தில் எடை போட்டு விலை எழுதித் தருவீர்களா என்று கேட்டேன். "அதெல்லாம் போகப் போகப் பார்த்துக்கொள்ளலாம்" என்றார். கன்றுப் பணத்தை மட்டும் இப்போதே கொடுக்கச் சொல்கிறார்.

மூன்று ஏக்கரும் மாறப்போவதில்லை. அரை ஏக்கர் ஜி9 வைக்கிறேன், என் செலவில். பக்கத்தில் இன்னும் பத்துப் பேர் சேர்ந்து ஒரே வாரத்தில் நட ஒப்புக்கொண்டால் ரீஃபர் தம்பி சொன்ன கணக்கு வரும், நான்கு பேரிடம் பேசிவிட்டேன். கதளி அப்படியே இருக்கட்டும். நேந்திரத்துக்கு உறை மாட்டிப் பார்க்கிறேன். தழும்பில்லாத தாருக்கு மண்டியில் ஒரு ரூபாயாவது கூடக் கிடைக்குமா ஐயா?

மேட்டுப்பாளையம் மண்டி:

ஒரு ரூபாய் அல்ல, இரண்டு ரூபாய் கூடத் தருகிறேன், கொண்டு வாருங்கள். தனி வண்டியில், தாருக்கு நடுவில் சருகு கனமாகப் போட்டு, மேலே யாரும் ஏறாமல். ஓணத்துக்கு முந்தின பத்து நாளில் வெட்டு வரும்படி ஐப்பசிக்குள் கன்றை வைத்துவிடுங்கள்.

ரீஃபர் கோவை:

உறை எங்கே வாங்குவது என்று தனிச் செய்தியில் அனுப்புகிறேன் அண்ணா. அந்தப் பத்துப் பேரைக் கூட்டுகிற நாளைச் சொல்லுங்கள், நான் கோபிக்கு வருகிறேன். விலை எழுதித் தரும்வரைக்கும் யாரிடமும் கன்றுப் பணம் கொடுக்க வேண்டாம், எங்களிடமும் சேர்த்துத்தான்.