ஜின்ஹே செர்ரிப் பூ டூர்: 64 வயது அம்மாவை ஒரே நாளில் கூட்டிப் போய் வர முடியுமா?

வைகைக்கரை:

வணக்கம். மார்ச் 26 அன்று அம்மாவும் நானும் மதுரையிலிருந்து கிளம்பி கொரியா போகிறோம், ஏப்ரல் 6 திரும்புகிறோம். தங்கை சியோலுக்குப் பக்கத்திலுள்ள சுவோனில் ஆராய்ச்சிப் படிப்பில் இருக்கிறாள், அவள் வீட்டில்தான் தங்கல். ஆனால் வார நாளெல்லாம் அவளுக்கு லேப், சனி ஞாயிறு மட்டும்தான் எங்களோடு வெளியே வர முடியும். இரண்டு வருடத்துக்கு முன் அவள் ஒரு படம் அனுப்பியிருந்தாள், ரயில் தண்டவாளம், இரண்டு பக்கமும் வெள்ளை வெளேரென்று பூத்த மரங்கள். அன்றிலிருந்து அம்மா போனில் வால்பேப்பர் அதுதான். அந்த இடம் தெற்கே பூசானுக்குப் பக்கத்து ஜின்ஹே ஊரில் கியோங்ஹ்வா என்கிற பழைய ரயில் நிலையமாம். அம்மா வேறு எதுவும் கேட்கவில்லை, அதை ஒரு தடவை நேரில் பார்த்தால் போதும் என்கிறார்.

சியோலிலிருந்து கைடுடன் ஒரு நாள் டூர் நிறைய இருக்கிறது. காலை 7 மணிக்கு பஸ், இரவு 9.30க்குத் திரும்பிவிடலாம் என்று போட்டிருக்கிறார்கள். எங்கள் இருவருக்கும் கொரிய மொழி தெரியாது, அதனால் கைடு இருந்தால் தைரியமாக இருக்கும் என்று பார்க்கிறேன். அம்மாவுக்கு முழங்கால் வலி உண்டு, சமதரையில் மெதுவாக நடப்பார், படி ஏற முடியாது. சுத்த சைவம், முட்டையும் கிடையாது. எந்தத் தேதிக்கு புக் செய்வது, இந்த டூர் அவருக்கு ஒத்துவருமா? போய் வந்தவர்கள் சொல்லுங்கள்.

நிலாமுற்றம்:

சியோலிலிருந்து வேண்டாம். நான் மாமனார் மாமியாரைக் கூட்டிக்கொண்டு அப்படித்தான் போனேன், அதுவும் சனிக்கிழமை. சியோலுக்கும் ஜின்ஹேக்கும் ஏறத்தாழ 400 கிலோமீட்டர், சாலை காலியாக இருந்தாலே நாலரை மணி நேரம் பிடிக்கும். நாங்கள் 7 மணிக்கு ஏறி மதியம் 1.15க்குத்தான் இறங்கினோம், சாங்வொன் தாண்டியதும் பஸ் ஊர ஆரம்பித்துவிட்டது. செர்ரி மரங்கள் நிற்கும் யோஜ்வாச்சொன் ஓடைக்கரையில் ஒன்றரை மணி நேரம் கொடுத்தார்கள். அடுத்து போக வேண்டிய கியோங்ஹ்வா நிலையத்தை நேரம் இல்லை என்று விட்டுவிட்டார்கள். உங்கள் அம்மா பார்க்க ஆசைப்படும் அதே இடம். இரவு இறக்கிவிடும்போது 11.20. மாமியாருக்குக் கால் வீங்கி மறுநாள் முழுக்கப் படுக்கை.

கைடைக் குறை சொல்ல மாட்டேன், நல்ல பெண், வழியெல்லாம் பேசிக்கொண்டே வந்தாள், மாமியாருக்கு முன் சீட்டைக் கொடுத்தாள். அந்த தூரத்தை ஒரே நாளில் அடக்கப் பார்ப்பதுதான் தப்பு. பூ பார்க்க ஒன்றரை மணி, பஸ்ஸில் பன்னிரண்டு மணிக்கு மேல்.

அப்புறம் ஒரு விஷயம், இங்கே நெடுந்தூர பஸ்ஸில் கழிப்பறை இருக்காது. இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை ஹ்யூகேசோ என்கிற ஓய்விடத்தில் பதினைந்து நிமிடம் நிறுத்துவார்கள். கழிப்பறை சுத்தமாக இருக்கும், காசு கிடையாது, ஆனால் கூட்ட நாளில் பெண்கள் வரிசை நீளும். சொன்ன நிமிடத்துக்கு பஸ் கிளம்பிவிடும், அதனால் பஸ் நின்றதும் அம்மாவை முதலில் இறக்கிவிடுங்கள்.

துறைமுகத்தான்:

அக்கா, நான் பூசானில் ஆறு வருடமாக இருக்கிறேன், ஜின்ஹேக்கு ஒவ்வொரு வசந்தத்திலும் போகிறேன். நிலாமுற்றம் சொன்னது முழுக்கச் சரி. பூசானுக்கு வந்து ஒரு இரவு தங்குங்கள். சுவோனிலிருந்தே பூசானுக்கு நேர் ரயில் உண்டு, சியோல் போய் ஏற வேண்டியதில்லை. மறுநாள் காலை பூசானிலிருந்து கிளம்பும் ஜின்ஹே டூரில் ஏறுங்கள், பூசான் ரயில் நிலையம், சொம்யோன் பக்கமெல்லாம் ஏற்றிக்கொள்வார்கள், ஒரு மணி நேரத்துச் சாலை, நெரிசல் என்றால் கொஞ்சம் கூடும். கைடு இல்லாமலும் சாசாங் பேருந்து நிலையத்திலிருந்து ஜின்ஹேக்கு பஸ் கிடைக்கும், ஆனால் அம்மாவோடு முதல் தடவை வருகிறீர்கள், டூரிலேயே போங்கள்.

தேதி விஷயத்தில் அவசரப்படாதீர்கள். ஜின்ஹேயில் பூ உச்சத்துக்கு வருவது பெரும்பாலும் மார்ச் கடைசி வாரத்திலிருந்து ஏப்ரல் முதல் ஓரிரு நாள் வரை, உங்கள் நாட்கள் அதற்குள் நன்றாகவே விழுகின்றன. ஆனால் அங்கே நடக்கும் செர்ரித் திருவிழாவின் தேதியை நம்பி புக் செய்யக் கூடாது, அதை முன்கூட்டியே தீர்மானித்துவிடுகிறார்கள், மரம் அதைப் பார்த்துப் பூப்பதில்லை. 2024இல் ஜின்ஹே திருவிழா மார்ச் 22 அன்றே தொடங்கியது, அப்போது பெரும்பாலும் மொட்டுதான். அதே வசந்தத்தில் வடகிழக்கே சொக்சோ நகராட்சி பூ இல்லாமல் விழா நடத்த நேர்ந்தது, வானத்தை எங்களால் வெல்ல முடியவில்லை என்று மன்னிப்புக் கேட்டு அடுத்த வாரம் மறுபடியும் விழா வைத்தார்கள். 2021இல் நேர் எதிர், சியோலில் மார்ச் 24 அன்றே பூத்துவிட்டது, 1922இல் கணக்கெடுக்கத் தொடங்கியதிலிருந்து அதுவரை அவ்வளவு சீக்கிரம் பூத்ததே இல்லை.

இங்கே வானிலை ஆய்வு மையம் ஊருக்கு ஒரு மரத்தைக் குறித்து வைத்திருக்கிறது. அதன் ஒரு கிளையில் மூன்று பூவாவது விரிந்தால் அந்த ஊரில் பூப்பு தொடங்கிவிட்டது என்று அறிவிப்பார்கள், எண்பது விழுக்காடு விரிந்தால் முழு மலர்ச்சி. முதல் பூவுக்கும் முழு மலர்ச்சிக்கும் நடுவில் ஏறத்தாழ ஒரு வாரம். ஜின்ஹேயில் யோஜ்வாச்சொன் ஓடை மரங்களையும் தனியாகக் கவனித்து அறிவிக்கிறார்கள். தங்கையிடம் மார்ச் 20க்கு மேல் தினமும் அதைப் பார்க்கச் சொல்லுங்கள், முதல் பூ அறிவிப்பு வந்த நாளிலிருந்து ஆறேழு நாள் கழித்து வரும் ஒரு செவ்வாயோ புதனோ பிடியுங்கள். சனி ஞாயிறு வேண்டவே வேண்டாம். மழை கணிப்பையும் சேர்த்துப் பாருங்கள், முழுசாக விரிந்த பிறகு ஒரு நல்ல மழையும் காற்றும் வந்தால் ஒரே இரவில் கொட்டிவிடும். தெருவோரத்தில் நிற்பவை பெரும்பாலும் ஒட்டுப்போட்டு வளர்த்த ஒரே மரத்தின் பிரதிகள், அதனால்தான் ஊரே ஒன்றாகப் பூக்கிறது, ஒன்றாகவே உதிர்கிறது.

முழங்கால் வலிக்கு எந்த இடம் ஒத்துவரும் என்றும் சொல்லிவிடுகிறேன். கியோங்ஹ்வா முழுக்கச் சமதரை. 2006இல் பயணிகள் ரயிலை நிறுத்திய பிறகு அதைப் பூங்கா போல ஆக்கிவிட்டார்கள், பழைய ரயில் பெட்டி நிற்கிறது, உட்கார பெஞ்சு இருக்கிறது, தண்டவாளத்தின் மேலேயே நடக்கலாம், ஜல்லி இருக்கும் இடத்தில் மட்டும் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள். யோஜ்வாச்சொன் ஓடையோரம் ஏறத்தாழ ஒன்றரை கிலோமீட்டருக்கு மரப்பலகை நடைபாதை, முழுக்க நடக்க வேண்டாம், ரொமான்ஸ் பாலம் வரை போனால் போதும் (2002இல் வந்த ஒரு டிவி தொடருக்குப் பிறகு அந்தப் பெயர்). ஜேஹ்வாங்சான் குன்றுக்கு 365 படி, ஆனால் மோனோரெயில் இருக்கிறது. மேலே நின்றால் எட்டுச் சாலைகள் சந்திக்கும் ஜுங்வொன் ரவுண்டானாவும் கடற்படைத் துறைமுகமும் தெரியும்.

இந்த மரங்களுக்கு ஒரு கதையும் உண்டு, அம்மாவுக்குச் சொல்லுங்கள். ஜப்பானியர் ஆண்டபோது கடற்படைத் துறைமுகம் கட்டி முதலில் நட்டது அவர்கள்தான். விடுதலைக்குப் பிறகு அந்த அடையாளமே வேண்டாம் என்று ஊர்க்காரர்கள் நிறைய மரங்களை வெட்டிவிட்டார்கள். ஜேஜு தீவில் வாங்பொத் என்ற செர்ரி மரம் இயற்கையாகவே வளர்கிறது என்று தாவரவியலாளர்கள் 1960களில் சொன்ன பிறகுதான் மறுபடி நட ஆரம்பித்தார்கள். இன்று ஜின்ஹேயில் மட்டும் 3,60,000 மரம் என்கிறார்கள். (ஜேஜு மரமும் ஜப்பானியத் தோட்ட மரமும் வேறு வேறு என்று 2018இல் மரபணு ஆய்வு காட்டியது.) திருவிழாவும் பூவுக்காகத் தொடங்கியதில்லை, 1952இல் ஜப்பானியக் கப்பற்படையை அந்தக் காலத்தில் வென்ற தளபதி யி சுன் சின் சிலையைத் திறந்ததிலிருந்து வந்தது.

அரிசிமாவு:

நான் சுவோனில்தான் இருக்கிறேன், எனக்கு வேறு கருத்து. ஏப்ரல் 6 வரை இங்கே இருக்கப் போகிறீர்கள், சுவோனிலேயே பால்தல்சான் குன்றடியில் பழைய மாகாண அலுவலகத்தைச் சுற்றி அருமையான செர்ரிச் சாலை இருக்கிறது, பின்னால் 1796இல் கட்டி முடித்த ஹ்வாசொங் கோட்டை மதில். ஏப்ரல் முதல் வாரத்தில் பூக்கும், தங்கை வீட்டிலிருந்து டாக்ஸி போதும், அம்மாவுக்குக் கால் வலித்தால் பத்து நிமிடத்தில் வீடு. அம்மாவை இவ்வளவு அலைக்கழிக்க வேண்டுமா?

குவாங்யாங்கில் சொம்ஜின் ஆற்றோர மேஹ்வா (ப்ளம்) பூவையும் சில டூர்களில் சேர்த்துப் போடுகிறார்கள், அதை நம்பிவிடாதீர்கள். அது மார்ச் நடுவிலேயே உச்சம் கண்டுவிடும், நீங்கள் வரும்போது உதிர்ந்திருக்கும்.

துறைமுகத்தான்:

பால்தல்சான் அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் அம்மா இரண்டு வருடமாகப் போனில் வைத்துப் பார்ப்பது அந்தத் தண்டவாளத்தை. இவ்வளவு தூரம் வந்துவிட்டு வேறொரு மரத்தைக் காட்டி இதுவும் அதுதான் என்று சொல்ல எனக்கு மனசு வராது. இரண்டும் முடியும், ஜின்ஹே முதலில் பூக்கும், சுவோன் ஏறத்தாழ ஒரு வாரம் கழித்து.

புக் செய்யும் முன் டூர்க்காரர்களிடம் இதையெல்லாம் எழுத்தில் கேட்டு வாங்குங்கள்: கியோங்ஹ்வாவில் எவ்வளவு நேரம், பஸ் நிற்கும் இடத்திலிருந்து எவ்வளவு தூரம் நடை, ஆள் சேராவிட்டால் ரத்து செய்வதை எத்தனை நாள் முன்னால் சொல்வார்கள், பூ இல்லாவிட்டால் தேதி மாற்ற முடியுமா. கியோங்ஹ்வாவை "நேரம் இருந்தால்" என்று போட்டிருக்கும் டூரை எடுக்காதீர்கள்.

நிலாமுற்றம்:

சாப்பாடு பற்றி யாரும் சொல்லவில்லை. கிம்ச்சியில் பெரும்பாலும் மீன் சாறோ இறால் உப்போ இருக்கும், காய்கறி சூப் என்பார்கள், நெத்திலி போட்டுக் கொதிக்க வைத்த தண்ணீராக இருக்கும். பிபிம்பாப் (காய்கறி கலந்த சோறு) வாங்கினால் "கோகி பே ஜுசேயோ" என்றால் இறைச்சியை எடுத்துவிடுவார்கள், முட்டைக்கு "கேரான் பே ஜுசேயோ". சிவப்பு மிளகாய் விழுதில் சில கடைகளில் மாட்டிறைச்சி வதக்கிச் சேர்ப்பதுண்டு, அதைத் தனியாக வைக்கச் சொல்லுங்கள். உங்கள் நிலையில் நான் என்றால் புளியோதரை கட்டிக்கொண்டு போவேன். ஓய்விடத்தில் வெண்ணெயில் வாட்டிய சின்ன உருளைக்கிழங்கு கிடைக்கும், அம்மாவுக்குப் பிடிக்கும். ஸ்வெட்டரை மறக்காதீர்கள், பூக்கும் நேரத்தில் திடீரென்று திரும்பி வரும் குளிருக்கு இங்கே பூவைப் பார்த்துப் பொறாமைப்படும் குளிர் என்றே பெயர்.

வைகைக்கரை:

ஊர் திரும்பிவிட்டோம். இவ்வளவு பேர் உட்கார்ந்து எழுதினீர்கள், அதனால் நடந்ததைச் சொல்ல வேண்டும். தம்பி சொன்னபடியே பூசானில் ஒரு இரவு தங்கி செவ்வாய்க்கிழமை டூர் எடுத்தோம். 9 மணிக்கு ஏறி 10.20க்கு ஜின்ஹே. கியோங்ஹ்வாவில் ஒரு மணி நேரம் என்று எழுத்தில் வாங்கியிருந்தேன். அம்மா நடுவில் ஒரு பெஞ்சில் உட்கார்ந்தவர் எழுந்திருக்கவே இல்லை, காற்று அடிக்கும்போதெல்லாம் இதழ் கொட்டுகிறது, வேப்பம்பூ உதிர்வது மாதிரியே இருக்கிறதடி, வாசனைதான் இல்லை என்றார். கைடாக வந்த பெண்மணிக்கு ஐம்பது வயது இருக்கும், மொழி ஒன்றும் புரியாமல் பக்கத்தில் உட்கார்ந்து அம்மா கையைப் பிடித்துக்கொண்டார், பஸ்ஸுக்கு ஐந்து நிமிடம் தாமதமாகத்தான் கூட்டிப் போனார், ஒருவரும் முகம் சுளிக்கவில்லை. மோனோரெயில் வரிசை நீளமாக இருந்தது, ஏறவில்லை.

பஸ் நிற்கும் இடத்திலிருந்து யோஜ்வாச்சொன் ஓடைக்கு அம்மா வேகத்தில் இருபது நிமிடம் ஆனது, முழங்கால் வலி உள்ளவர்கள் இதைக் கணக்கில் வையுங்கள். மடக்கு நாற்காலி ஒன்று கொண்டுபோயிருக்கலாம். அரிசிமாவு சொன்ன பால்தல்சானுக்கு ஞாயிற்றுக்கிழமை தங்கையோடு போனோம், அங்கே அப்போது பாதிதான் பூத்திருந்தது, மதிலை ஒட்டி வெயில் படும் பக்கத்து மரங்கள் மட்டும் முழுசாக விரிந்திருந்தன.