குடவோலையும் வெனிஸ் பந்தும்: குலுக்கலில் வந்தவருக்கு ஊர் ஏன் கட்டுப்பட்டது?

கேள்வி

உத்தரமேரூர்க் கல்வெட்டில், ஊர்ச் சபையின் வாரியங்களுக்கு (பொறுப்புக் குழுக்களுக்கு) ஆள் எடுக்க, விவரம் தெரியாத ஒரு சிறுவனை விட்டுக் குடத்திலிருந்து பெயர் எழுதிய ஓலையை எடுக்கச் சொல்கிறார்கள். வெனிஸ் குடியரசின் தலைவரான டோஜேயைத் தேர்ந்தெடுக்கும்போதும் பந்தை எடுப்பவன் ஒரு சிறுவன்தான். ஒன்றையொன்று அறியாத இரண்டு ஊர்கள். வாக்கு வாங்கி வந்தவர் "இத்தனை பேர் என்னைத்தான் விரும்பினார்கள்" என்று சொல்லிக்கொள்ளலாம். குலுக்கலில் வந்தவருக்கு அது இல்லை. பிறகு எதனால் அவர் பேச்சு செல்லுபடியானது? தெய்வ சித்தம் என்று நம்பினார்களா? நடைமுறை தெரிந்தவர்கள் விரிவாக எழுதுங்கள்.

பதில் 1

உத்தரமேரூரைப் பொறுத்தவரை, குடத்துக்குள் ஓலை விழுவதற்கு முன்பே பாதி வேலை முடிந்துவிடும். சோழ அரசன் முதலாம் பராந்தகனின் 12, 14ஆம் ஆட்சியாண்டுகளில், அதாவது 919இலும் 921இலும், வெட்டிய இரண்டு கல்வெட்டுகள் வைகுந்தப் பெருமாள் கோயிலில் இருக்கின்றன. 921ஆம் ஆண்டு விதிப்படி ஓலையில் பெயர் எழுத, வரி கட்டும் நிலம் கால் வேலிக்கு (வேலி என்பது நில அளவு) மேல் இருக்க வேண்டும். சொந்த மனையில் வீடு கட்டியிருக்க வேண்டும். வயது 35க்கு மேல், 70க்குள். ஒரு வேதமும் ஒரு பாஷ்யமும் (உரைநூலும்) கற்றுப் பிறருக்கு விளக்க வல்லவர் என்றால் அரைக்கால் வேலி போதும்.

யாரை விலக்கினார்கள் என்பதுதான் முக்கியம். கடந்த மூன்று ஆண்டுகளுக்குள் வாரியத்தில் இருந்தவருக்கு இடமில்லை. முன்பு வாரியம் செய்து கணக்குக் காட்டாதவருக்கு என்றைக்குமே இல்லை. அவரோடு நிற்காமல் அவருடைய தகப்பன், மகன், உடன்பிறந்தான், மாமன், மாமனார், மைத்துனன், மருமகன், சிற்றன்னை பெரியன்னை மக்கள் என்று உறவுமுறையைப் பெயர் சொல்லிப் பட்டியலிட்டு விலக்குகிறார்கள். கணக்கை மறைத்தால் சுற்றத்தாருக்கே கதவு அடைபடும். கல்வெட்டு முழுவதிலும் கூர்மையான விதி இதுதான் என்பேன்.

அதற்குப் பிறகுதான் குடம். ஊரில் 30 குடும்புகள், அதாவது வார்டு போன்ற பிரிவுகள். ஒவ்வொரு குடும்பிலும் தகுதியுள்ளோர் பெயரைத் தனித்தனி ஓலையில் எழுதி, குடும்பின் பெயரை வாயோலையாக (மேலோலையாக) சேர்த்து ஒரு கட்டாகக் கட்டுவார்கள். சிறுவர் முதல் முதியவர் வரை சபை கூடும். நம்பிமாரில் (கோயில் பூசாரிகளில்) மூத்தவர் எல்லோரும் பார்க்கக் குடத்தைத் தூக்கிக் காட்டுவார். சிறுவன் ஒரு கட்டை எடுப்பான். அதை அவிழ்த்து வேறு குடத்தில் போட்டுக் குலைத்த பிறகு ஓர் ஓலை எடுப்பான். மத்தியஸ்தன் (நடுவர்) அதை ஐந்து விரலையும் விரித்து உள்ளங்கையில்தான் வாங்க வேண்டும். அவர் வாசித்த பிறகு அங்குள்ள நம்பிமார் அனைவரும் அதே ஓலையை வாசிக்க வேண்டும்.

இப்படி 30 பேர். முன்பு தோட்ட வாரியம், ஏரி வாரியம் செய்த, கல்வியிலும் வயதிலும் மூத்த 12 பேர் சம்வத்சர (ஆண்டு) வாரியத்துக்குப் போவார்கள். மற்றவர்களில் 12 பேர் தோட்ட வாரியம், 6 பேர் ஏரி வாரியம். பதவி 360 நாள். இடையில் குற்றம் கண்டால் உடனே நீக்கம்.

இதை எல்லா மக்களுக்குமான ஜனநாயகம் என்று மேடையில் பேசுவது தவறு. அது பிரமதேயச் சபை, அதாவது பிராமணருக்குத் தானமாகக் கொடுத்த ஊரின் சபை. நிலமுள்ள பிராமண ஆண்களுக்குள் நடந்த ஏற்பாடு.

பதில் 2

வெனிஸில் வெறும் குலுக்கல் மட்டும் இல்லை. 1268 முதல் குலுக்கலும் வாக்கும் மாறி மாறி வந்தன. பெரும் சபையில் 30 வயதைத் தாண்டியவர்களில் 30 பேரைக் குலுக்கலில் எடுப்பார்கள். அது மறுபடி குலுக்கலில் 9 ஆகும். அந்த 9 பேர் 40 பேரைத் தேர்வார்கள், ஒவ்வொருவருக்கும் 7 வாக்கு வேண்டும். 40 குலுக்கலில் 12 ஆகும். 12 பேர் 25 பேரைத் தேர்வார்கள், தலைக்கு 9 வாக்கு. 25 குலுக்கலில் 9 ஆகும். 9 பேர் 45 பேரைத் தேர்வார்கள், தலைக்கு 7 வாக்கு. 45 குலுக்கலில் 11 ஆகும். 11 பேர் 41 பேரைத் தேர்வார்கள், தலைக்கு 9 வாக்கு. இந்த 41 பேர் குறைந்தது 25 வாக்கில் டோஜேயைத் தேர்வார்கள்.

41 என்ற எண் பட்டு அறிந்தது. 1229இல் 40 பேர் வாக்களித்து 20க்கு 20 என்று நின்றுபோனது. அதன்பின் ஒருவரைக் கூட்டினார்கள்.

காசு கொடுத்து வளைப்பதற்கு யாரை வளைப்பது என்று முதலில் தெரிய வேண்டும். குலுக்கல் அதைத் தெரியவிடாது. தப்பித்தவறி ஒரு கோஷ்டியின் கை ஓங்கினாலும் 9க்கு 7 என்ற வரம்பு எதிர்க் கோஷ்டியையும் கலந்து பேச வைக்கும். தோற்ற குடும்பம் "சதி" என்று கத்தியை எடுக்க முடியாமல் போனது இதனால்தான்.

ஆனால் மக்களின் ஒப்புதல் மெல்லக் கழன்றுவிட்டது. தொடக்கத்தில் "இவர் உங்கள் டோஜே, உங்களுக்குச் சம்மதமானால்" என்று அறிவிப்பார்கள். 1423இல் ஃபோஸ்காரி பதவியேற்றபோது "சம்மதமானால்" உதிர்ந்துபோனது. 1297க்குப் பிறகு பெரும் சபையே சில குடும்பங்களின் சொத்தாகிவிட்டது. டோஜேயின் கையையும் விடாமல் கட்டினார்கள். பதவிப் பிரமாணத்தை ஒவ்வொரு முறையும் திருத்தி இறுக்கினார்கள். 1355இல் டோஜே மரீனோ ஃபாலியேர் முடிசூடச் சதி செய்து தலையிழந்தார். சபை மண்டபத்தில் அவர் படம் இருக்க வேண்டிய இடத்தில் இன்றும் கறுப்புத் துணிதான் தீட்டப்பட்டிருக்கிறது.

பதில் 3

குலுக்கலில் பதவி கொடுத்த இன்னொரு ஊர் பழங்கால கிரேக்க ஏதென்ஸ். தெய்வ சித்தம் என்ற விளக்கம் அங்கே நிற்காது. தெய்வம் தேர்ந்தது என்றால் அப்புறம் மனிதன் விசாரிப்பானேன்? அங்கே குலுக்கலுக்குப் பிறகுதான் விசாரணையே: பெற்றோர் யார், அவர்களை ஒழுங்காகப் பேணுகிறாயா, வரி கட்டினாயா, படைக்குப் போனாயா. பதவி முடிந்ததும் கணக்குத் தணிக்கை. 500 பேர் சபையில் பத்துக் குலத்திலிருந்தும் ஐம்பது ஐம்பது பேர். ஒருவர் வாழ்நாளில் இரண்டு முறைதான் இருக்கலாம். கருவூலச் சாவியும் அரசு முத்திரையும் ஒருவரிடம் ஒரே ஒரு நாள், அதுவும் குலுக்கலில்.

போர் என்றால் மட்டும் குலுக்கலை நம்பவில்லை. பத்துத் தளபதிகளை வாக்குப் போட்டே தேர்ந்தார்கள், மறுபடி மறுபடி அவரையே தேரவும் தடையில்லை.

கேள்வி கேட்டவர்

மூவருக்கும் நன்றி. ஒன்று மட்டும் புரியவில்லை. உத்தரமேரூரில் 919இல் எழுதிய விதியை 921இலேயே ஏன் மாற்றினார்கள்? சபையே தானாக மாற்றியதா?

பதில் 1

சபையே கூடித்தான் எழுதியது, ஆனால் அரசன் ஆணைப்படி. இரண்டு முறையும் அரசன் அனுப்பிய அதிகாரி சபையில் உடனிருந்தார். பொல்லாதவர் கெட்டு மற்றவர் வாழ வேண்டும் என்று 921ஆம் ஆண்டுக் கல்வெட்டே காரணம் சொல்கிறது. கணக்குக் காட்டாதவரின் சுற்றத்தை அத்தனை நுணுக்கமாக எண்ணியிருப்பதைப் பார்த்தால், பொல்லாங்கு ஏரிப் பணத்திலும் தோட்டக் கணக்கிலும்தான் நடந்திருக்கும் என்று எனக்குப் படுகிறது.