பீட்டர் எக்கேயின் 'இரண்டு பொது'வுக்குத் தமிழ்ச் சொல் தேவை

வணக்கம். 'அரசியல் என்றால் என்ன' என்ற பாடக் குறிப்பில் ஆப்பிரிக்கப் பார்வைக்கான பகுதி இரண்டு சொற்களில் சிக்கி நிற்கிறது.

யாருக்கு என்ன, எப்போது, எப்படிக் கிடைக்கிறது என்பதே அரசியல் என்ற அமெரிக்க அரசியல் அறிஞர் லாஸ்வெல்லின் 1936 வரையறையைத்தான் வழக்கமாக முதலில் சொல்லிக்கொடுக்கிறோம். நைஜீரிய அறிஞர் பீட்டர் எக்கே 1975இல் எழுதிய கட்டுரையோ, 'எந்தப் பொதுவில்?' என்று கேட்க வைக்கிறது. காலனியாட்சி ஒன்றல்ல, இரண்டு பொதுக்களை (public, அதாவது பொது வாழ்வின் வெளி) விட்டுச்சென்றது என்கிறார். ஒன்று உறவும் இனக்குழுவும் சார்ந்தது (primordial public). அங்கே கடமை மனச்சாட்சியைக் கட்டும். மற்றது அரசு அலுவலகம், காவல், ராணுவம் சார்ந்தது (civic public). அங்கே அந்தக் கட்டு இல்லை. ஊர்ச் சங்கத்துப் பணத்தில் கை வைக்கக் கூசுபவரே அரசுப் பணத்தை எடுக்கக் கூசமாட்டார்.

முதலாவதை 'ஆதிப் பொது' என்றால் பழங்காலத்து மிச்சம் போல ஒலிக்கிறது. தவறு, நகரங்களில் இனக்குழுச் சங்கங்கள் வளர்ந்ததே காலனிக் காலத்தில்தான். 'குலப் பொது' என்றால் நம் வாசகர் சாதியை நினைப்பார். இரண்டாவதற்குக் 'குடிமைப் பொது' பரவாயில்லை. ஆனால் அதை 'அறமற்றது' (amoral) என்று எழுதினால் தீயது என்றாகிவிடும்; எக்கே சொல்வது அறக் கட்டுப்பாடு எட்டாத இடம்.

'உறவுப் பொது' பொருந்துமா? வேறு சொல் இருந்தால் ஒரு எடுத்துக்காட்டு வாக்கியத்தோடு தாருங்கள். நைஜீரியாவில் பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிராக நடந்த 1929 இக்போ பெண்கள் கிளர்ச்சி பற்றிய பத்தியிலும் அது உட்கார வேண்டும்.